பவானிக்குத் தேங்காய் திருவத் தெரியாது

பவானி போய்விட்டாள். இன்று விடிய, புத்தூரில். ஐம்பது வயதுகூட ஆகவில்லை...

எனக்கு எழுத வாசிக்கத் தெரியாது. நான் சொல்லச் சொல்லப் பேத்தி டைப் பண்ணுகிறாள். ஒரு சொல்லும் விடாதே என்றிருக்கிறேன்.

கனடாவிலிருந்து ஒரு அம்மா போஸ்ட் போட்டிருக்கிறார். "எங்கள் வளர்ப்பு மகள் பவானி." கீழே கமெண்ட்... "உங்கட மனசு ஆருக்கு வரும் அன்ரி!" பேத்திதான் வாசித்துக் காட்டினாள்.

எண்பத்தாறில் சுன்னாகத்துப் பக்கம் ஒரு சிறுவர் இல்லத்தில் நான் சமையல்காரன். ஷெல்லடியில் தாய் தகப்பனை இழந்து பவானி அங்கே வந்தாள். ஒன்பது வயது.

இதே அம்மாதான் நல்லூரிலிருந்து காரில் வந்தார், ஒரு பிள்ளையை எடுத்து வளர்க்கவென்று. வரிசையில் நின்ற பிள்ளைகளின் முகத்தை அவர் பார்க்கவில்லை. கையைப் பார்த்தார். பவானியைக் காட்டிக் கேட்டார்.

"உவளுக்குத் தேங்காய் திருவத் தெரியுமோ?"

குசினி வாசலில் நின்ற நான், மடையன், முந்திக்கொண்டேன். "ஓம் அம்மா, கெட்டிக்காரி. திருவலையில இருந்தாள் எண்டால் ரெண்டு நிமிசம்."

பிள்ளைக்கு ஒரு வீடு கிடைக்கட்டும் என்றுதான் சொன்னேன்.

இரண்டு வருடத்தில் அவர்களுக்கு விசா வந்தது. இரவல் குடையைத் திருப்பிக் கொடுப்பதுபோல் பவானியைக் கொண்டுவந்து விட்டார்கள்.

"பிள்ளை மாதிரித்தான் வச்சிருந்தனாங்கள்." அம்மா காரை விட்டு இறங்கவே இல்லை.

பள்ளிக்கூடம் அனுப்பவில்லை. சோப்புத் தண்ணீரில் விரலெல்லாம் வெடித்துக் கிடந்தது.

மத்தியானம் எல்லாப் பிள்ளைகளும் சாப்பிட இருந்தார்கள். இவள் மட்டும் சுவரோடு நின்றாள்.

"இரு பிள்ளை, சாப்பிடு."

"எல்லாரும் சாப்பிட்டு முடியட்டும் மாமா."

த்தூ... வளர்ப்பு மகளாம்.

ஒருநாள் நான் கீரை ஆய்ந்துகொண்டிருக்க, பக்கத்தில் வந்து குந்தினாள். "மாமா, இனி ஆரும் கேட்டால் எனக்குத் தேங்காய் திருவத் தெரியாது எண்டு சொல்லுங்கோ."

அடுத்த மாதமே இன்னொரு அம்மா வந்தார். அதே கேள்வி.

"உவளோ? உவள் சுடுதண்ணி வைச்சாலும் அடிப்பிடிக்கும் அம்மா!"

கதவுக்குப் பின்னால் பவானி வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். திரும்பி வந்தபின் அன்றுதான் அவள் சிரித்துப் பார்த்தேன்.

இல்லத்திலேயே வளர்ந்தாள். தையல் படித்தாள். புத்தூரில் சொந்த வீடு, புருசன், பிள்ளைகள். நான் போனால் எனக்கும் தனக்கும் சேர்த்துச் சோற்றுக் கோப்பை போடுவாள். முதல் ஆளாக இருந்து சாப்பிடுவாள்.

கனடா அம்மா... அந்தப் போஸ்ட்டை எடுத்துவிடுங்கள்.

போய் வா பிள்ளை. அங்கேயும் யாராவது கையைப் பார்த்தால், தெரியாது என்றே சொல்லு.