எலும்புக்குள் காற்று

மாணிக்கவேலின் வேலை, கல்லாகிப்போன எலும்பை அறுப்பது. தென்னேரியில் பயிர் வைத்துப் பிழைத்த குடும்பம் அவருடையது. இவர் மட்டும் காஞ்சிபுரத்து ஓரமாக ஒரு தனியார் ஆய்வுக்கூடத்தில், பதினேழு வருஷமாக அறுக்கும் இயந்திரத்தின் முன்னால் உட்கார்ந்திருக்கிறார். டைனோசர் எலும்பை அவர் மெல்லிசாகச் சீவிக் கொடுத்தால், படித்தவர்கள் மைக்ராஸ்கோப்பில் பார்த்து அதன் வயசையும் வளர்ந்த வேகத்தையும் சொல்வார்கள். பேரெல்லாம் அவர்களுக்கு, தூளெல்லாம் இவருக்கு.

பார்த்துப் பார்த்து இவருக்கும் கண் பழகிவிட்டது. ஒருநாள் ஒரு கழுத்தெலும்பை அறுத்தால், உள்ளே அறை அறையாக இருக்கிறது. அதெல்லாம் காற்று புகுந்த இடமாம். இன்றைக்குக் கோழிக்கும் புறாவுக்கும் எலும்புக்குள் காற்று போகிறதே, அந்த வழி டைனோசர் காலத்திலேயே திறந்துவிட்டதாம், பறக்கக் கற்பதற்கு வெகு முன்னாலேயே.

"மூச்சுக்குன்னு எலும்புலயே எடம் வச்சிக்கினு இருந்துக்குது பாரு மணி" என்று மனைவி மணியம்மாளிடம் சொல்லிச் சொல்லி மாய்ந்து போனார்.

அறுக்கும்போது தண்ணீர் பீய்ச்சித் தூளை அடக்கும் மோட்டார் நின்று எட்டு வருஷம் ஆகிறது. எழுதிக் கொடுத்தார். பார்க்கலாம் என்றார்கள். இன்னும் பார்த்துக்கொண்டே இருக்கிறார்கள், பாவிகள். அதற்குள் கல் தூள் அவர் நுரையீரலில் படிந்துவிட்டது. இனி அதைச் சரிசெய்ய முடியாது என்று டாக்டரம்மா சொன்ன அன்றைக்குக்கூட அவர் அழவில்லை. நம்மோடு போகட்டும் என்று இருந்துவிட்டார்.

ஆனால் தை பிறந்ததிலிருந்து மணியம்மாளும் இருமுகிறாள். வீட்டிலேயே நெசவுக்கு நூலைச் சிறு குச்சியில் தார் சுற்றுகிறவள், ஆய்வுக்கூடத்து வாசலை மிதித்ததே இல்லை. வெறும் சளியாக இருக்கட்டும், என்னுடைய நோயாக மட்டும் இருக்க வேண்டாம் என்று கச்சபேஸ்வரர் கோயிலைத் தினமும் சுற்றினார், மூன்று இடத்தில் நின்று மூச்சு வாங்கிக்கொண்டு.

டாக்டரம்மா இருவருடைய எக்ஸ்ரே படங்களையும் பக்கத்தில் பக்கத்தில் மாட்டினார். எலும்பு பார்த்துப் பழகிய கண்ணுக்கு யாரும் விளக்க வேண்டியிருக்கவில்லை. இரண்டிலும் அதே வெள்ளைப் புள்ளிகள்.

"நீங்களும் அங்கதான் வேலை செய்றீங்களாம்மா?"

"இல்ல டாக்டரம்மா, நான் வூட்டோட தார் சுத்திக்கினு இருக்கறேன்."

"அப்ப உங்களுக்குக் கல் தூள் எப்படி வந்தது?"

மணியம்மாள் யோசித்தாள். "இவரு சட்ட பூரா வெள்ளையா வரும். அப்படியே ஊற வச்சா தண்ணி சேறாயிடும். தெனம் சாயந்தரம் நல்லா உதறிட்டுத்தான் தொவைப்பேன்."

தூள் போகாமல் கழுத்தெல்லாம் அரிக்கிறது, நல்லா உதறித் துவை என்று எட்டு வருஷத்துக்கு முன்னால் அவளிடம் சொன்னது மாணிக்கவேல்தான்.