கரண்டிக்குள் இருந்த ஆணி

அந்தக் கரண்டியை வெயிலில் தூக்கிப் பார்த்த நிமிஷம் எனக்கு இன்றைக்கும் கண்ணுக்குள்ளேயே நிற்கிறது.

ஐம்பதுகளின் கடைசியில் தாயில்பட்டிப் பக்கம் ஒரு பட்டாசுக் கம்பெனியில் நான் ஸ்டோர் கீப்பர். வெடிமருந்து கலக்கும் மருந்து ரூமுக்குள் இரும்பே போகக் கூடாது. சேலையில் குத்திய ஊக்கைக்கூடக் கழற்றி வைத்துவிட்டுத்தான் நுழைய வேண்டும். இரும்பு உரசினால் பொறி பறக்கும். அங்கே ஒரு பொறி போதும். அதனால் மருந்து அள்ளுவதற்கு மாட்டுக் கொம்பைச் சீவிச் செய்த கரண்டிதான் கொடுப்போம்.

மருந்து கலக்கும் சீனியம்மாள் ஒரு நாள் ஸ்டோர் ஜன்னலுக்கு வந்தாள். "அண்ணாச்சி, கரண்டி விரிசல் விட்டிருச்சு. புதுசு ஒண்ணு தாங்க."

அலமாரியில் ஆறு புதுக் கரண்டி இருந்தது. ஸ்டாக் குறையாமல் வைத்திருப்பவன்தான் கெட்டிக்காரன் என்று அப்போது எனக்கு ஒரு நினைப்பு.

"அதெல்லாம் சீசனுக்கு வச்சிருக்கேன்த்தா. அம்புட்டு பேரும் பழசுலதான அள்ளுறாக? ஒனக்கு மட்டும் என்ன கொம்பா மொளச்சிருக்கு?" என்றேன். பக்கத்தில் நின்றவர்கள் சிரித்தார்கள். எனக்குப் பெருமை தாங்கவில்லை.

இன்னும் இரண்டு தடவை வந்து கேட்டாள். அதற்கப்புறம் வரவில்லை. சரி, அடங்கிவிட்டாள் என்று விட்டுவிட்டேன்.

பிறகு ஒரு மதியம். சாப்பாட்டு நேரத்தில் கரண்டிகளை ஈரத்துணியால் துடைத்து வெளியே கல்லில் பரப்பியிருந்தார்கள். ஸ்டாக் பார்க்கப் போனவன் ஒவ்வொன்றாக வெயிலில் தூக்கிப் பார்த்தேன். நல்ல கொம்பு வெயிலில் தேன் நிறமாகத் தெரியும். விரிசல் விட்டிருந்த சீனியம்மாள் கரண்டியில் மட்டும் உள்ளே இரண்டு கறுப்புக் கோடு. மேலே பூசியிருந்த அரக்கை நகத்தால் சுரண்டினேன். லாட ஆணி! ஒரு ஆணியின் முனை அரக்கைத் தாண்டி வெளியே வந்து, உரசி உரசிப் பளபளவென்று இருந்தது.

போர்மேனைக் கத்திக் கூப்பிட்டேன். எதிரே வேப்பமரத்தடியில் மருந்து ரூம் ஆட்கள் நாலு பேரும் தூக்குச்சட்டியைத் திறந்து வைத்துச் சாப்பிட்டுக்கொண்டிருந்தார்கள். நாலு பேர்தானா என்று திரும்பத் திரும்ப எண்ணினேன்.

போர்மேன் ஓடிவந்தார். ஆணியைப் பார்த்ததும் அவருக்கு முகம் வெளுத்துவிட்டது. சீனியம்மாளைக் கூப்பிட்டு, "இத வச்சா மருந்து அள்ளுன?" என்றார்.

"எங்க வீட்டுக்காரரு மாட்டுக்கு லாடம் அடிக்கிறவரு. விரிசல் சேரணும்னு ஆணிய உள்ள எறக்கி, அரக்கு ஊத்தி மூடித் தந்தாரு. மூடிட்டா மருந்துல படாதுன்னாரு. நானும் நம்பிட்டேன்."

"எம்புட்டு நாளா?"

"பதினோரு நாளா."

"ஸ்டோர்ல கேக்க வேண்டியதுதான? போ, நாளைக்கு வேலைக்கு வராத."

அவள் அழவில்லை. "மூணு தடவ கேட்டேன். அந்தா நிக்காகள்ல, அவுககிட்டயே கேளுங்க."

இல்லை என்று சொல்லிவிடலாமா என்று ஒரு நொடி எனக்குத் தோன்றியது. மறைக்க மாட்டேன், தோன்றத்தான் செய்தது. நல்லவேளை, வாய் உண்மையைச் சொல்லிவிட்டது. "கேட்டா. அலமாரில ஆறு இருக்கு. நாந்தான் கொடுக்கல."

போர்மேன் சத்தம் போடவில்லை. ஸ்டோருக்குக் கூட்டிப்போய் அலமாரியைத் திறக்கச் சொன்னார். பேப்பர்கூடப் பிரிக்காமல் ஆறும் அப்படியே இருந்தன.

"யாருக்குலே வச்சிருக்க? இவளுக செத்தபெறகு வர்றவளுகளுக்கா?"

அவரே ஒன்றை எடுத்துச் சீனியம்மாளிடம் கொடுத்து, நாளைக்கு வேலைக்கு வரச் சொல்லிவிட்டுப் போனார். சீனியம்மாள் மறுநாள் புதுக் கரண்டியோடு வேலைக்கு வந்தாள். நான் அங்கே இருந்த வரைக்கும் என்னிடம் ஒரு வார்த்தை பேசவில்லை. பேசாதது நியாயம்தான்.

இப்போது ஸ்டோரில் உட்காரும் தம்பிகளுக்கு ஒன்று சொல்கிறேன். நீங்கள் இல்லை என்று சொன்னால் கேட்க வந்தவர் சும்மா இருந்துவிட முடியாது. அவருக்கு அன்றைக்கு வேலை ஓட வேண்டும். ஏதாவது ஒன்றைச் செய்து சமாளிப்பார். என்ன செய்தார் என்பது உங்களுக்குத் தெரியாது. எனக்குப் பதினோரு நாள் தெரியவில்லை.