கப்பல் இயந்திரக்காரர் வீட்டுக் கழிப்பறை

ஜப்பானில் சாதோ தீவுக்கும் நீகாத்தா துறைமுகத்துக்கும் இடையே ஓடும் கப்பலில் இயந்திர அறையிலேயே காலம் கழித்து ஓய்வு பெற்றவர் ஹொம்மா தெய்ஜி. இயந்திரம் லேசாக இருமினாலே அதற்கு எங்கே நோவு என்று சொல்லிவிடுவார் என்பார்கள் உடன் வேலை பார்த்தவர்கள். வீட்டிலும் எதற்கும் வெளியாளைக் கூப்பிட்டதில்லை. கூரை ஒழுகினாலும் துணி துவைக்கும் இயந்திரம் நின்றுபோனாலும் அவரே பிரிப்பார், அவரே மாட்டுவார். மாட்டி முடித்த பிறகு ஓரிரண்டு திருகாணி எப்போதும் மிஞ்சும் என்பது மனைவி கினுயோவின் புகார்.

போன குளிர்காலத்தில் அவருக்குப் பக்கவாதம் வந்தது. பேச்சு திரும்பிவிட்டது. கால் ஒரு கைத்தடியோடு சமாளித்துக்கொண்டது. வலது கை மட்டும் யாரோ தோளில் மாட்டிவிட்டுப் போன பொருள் மாதிரி தொங்கியது. இடது கையால் சாப்பிடவும் சட்டைப் பொத்தான் போடவும் பழகினார். ஆனால் கழிப்பறையில் தன்னைத் தானே துடைத்துக்கொள்ள மட்டும் அந்தக் கைக்கு வரவில்லை. உடம்பைத் திருப்பினால் ஒரு பக்கமாகச் சாய்ந்துவிடுவார். கினுயோதான் வந்து துடைத்துவிட்டாள். ஒரு நாளும் அவள் முகம் சுளிக்கவில்லை. அந்த வேலையைச் செய்துகொண்டே மீன்கடைக்காரர் மகளின் கல்யாணத்தைப் பற்றியோ வெள்ளரிக்காய் காய்ப்பதைப் பற்றியோ பேசிக்கொண்டிருப்பாள். அதுதான் அவரை வதைத்தது. ஒரு முறையாவது அவள் அலுத்துக்கொண்டிருந்தால் பதிலுக்கு அவரும் எரிந்து விழுந்திருக்கலாம்.

தண்ணீர் பீய்ச்சிக் கழுவிவிடும் மின்சார இருக்கை அக்கம்பக்கத்து வீடுகளுக்கெல்லாம் வந்து எத்தனையோ வருஷமாகிவிட்டது. "கரண்ட் மேல உட்கார எனக்கென்ன கிறுக்கா" என்று தெய்ஜி மட்டும் மறுத்துக்கொண்டிருந்தார். ஆகஸ்ட் தொடக்கத்தில் ஒரு நாள் கினுயோ அவரைக் கேட்காமலே ஒன்றை வாங்கிவந்து நடையில் வைத்தாள்.

"கடைக்காரங்களே ஆள் அனுப்பி மாட்டித் தருவாங்களாம். ஆனா ஓபோன் பண்டிகை முடிஞ்சுதான் வருவாங்களாம்."

"எவனும் வரவேண்டாம். நான் மாட்டுறேன்."

"எந்தக் கையால?"

"உன் கையால."

மறுநாள் காலையிலேயே ஆரம்பித்தார்கள். முதலில் பழைய இருக்கையைக் கழற்ற வேண்டும். அதன் நட்டுகள் பீங்கானுக்கு அடியில் துருப்பிடித்துக் கிடந்தன. ஒருவர் நிற்கவே இடம் போதாத அந்த அறைக்குள் கினுயோ தரையில் மல்லாந்து படுத்துத் தலையை உள்ளே நுழைத்தாள். தெய்ஜி வாசலில் முக்காலி போட்டு உட்கார்ந்து இடது கையில் டார்ச் பிடித்தார்.

"இடது பக்கமா திருப்பு."

"யாரோட இடது?"

"உன்னோட இடதுதான்."

"நானே தலைகீழா கிடக்கேன். எனக்கு மேல எது கீழ எதுன்னே தெரியல, இதுல இடது வேறயா."

அவள் திருப்பினாள். நட்டு இன்னும் இறுகியது. தெய்ஜிக்குப் பல்லைக் கடிக்கத்தான் முடிந்தது. கப்பலில் மேல்தளத்தில் நின்றுகொண்டு வாயாலேயே வேலை வாங்கும் அதிகாரிகளை அவருக்கு ஆகாது. இப்போது தானே அப்படி உட்கார்ந்திருக்கிறோம் என்று தோன்றியதும் பொறுக்கவில்லை. அவளை எழுந்திருக்கச் சொல்லிவிட்டு, சுவரைப் பிடித்துத் தரையில் இறங்கி, இடது கையால் ஸ்பானரை வாங்கினார். ஓர் இழுப்பு இழுத்தார். ஸ்பானர் வழுக்கி, விரல் முட்டி பீங்கானில் மோதித் தோலுரிந்தது.

"காட்டுங்க."

"ஒண்ணுமில்ல. எண்ணெய எடு."

எண்ணெய் விட்டு ஊறவைத்து, தேநீர் குடித்துவிட்டு வந்து, மறுபடியும் கினுயோவே படுத்துத் திருப்பினாள். இந்த முறை கழன்றது.

அடுத்தது தண்ணீர்த் தொட்டிக்குப் போகும் குழாய். அதைக் கழற்றி, நடுவே ஒரு கிளைக்குழாய் வைத்து, அங்கிருந்து இருக்கைக்குத் தண்ணீர் எடுக்க வேண்டும். சுவரோரம் இருந்த சின்ன வால்வைக் கினுயோ திருகி அடைத்தாள்.

"அடைச்சாச்சு இல்ல? கழட்டு."

குழாய் கழன்றதும் தண்ணீர் சீறிக்கொண்டு அவள் முகத்தில் அடித்தது. வீடு கட்டின நாளிலிருந்து தொடாத வால்வு. சுற்றியதே தவிர அடைபடவில்லை. தண்ணீர் சுவரில் அடித்து நடையில் ஓடியது. இருக்கை வந்த அட்டைப்பெட்டி கூழாகிக்கொண்டிருந்தது. தெய்ஜி உள்ளங்கையை வைத்து அழுத்தினார். விரல்களுக்கிடையே பிய்த்துக்கொண்டு வந்தது.

"முற்றத்துல பெரிய வால்வ். ஓடு."

கினுயோ வெறுங்காலோடு ஓடி அடைத்தாள். சத்தம் நின்ற பிறகு தெய்ஜி நனைந்த தரையிலேயே உட்கார்ந்திருந்தார். கப்பலில் புதிதாக வரும் பையன்களுக்கு அவர் சொல்லிக்கொடுத்த முதல் பாடமே அதுதான்: ஸ்பானரைத் தொடுவதற்கு முன்னால் மூல வால்வை அடை. அதை மறந்தவர்களை அவர் திட்டிய திட்டு துறைமுகம் வரை கேட்கும். இன்று அவருக்கே அது நினைவுக்கு வரவில்லை. போனது கை மட்டும்தானா, இல்லை உள்ளே வேறு எதுவும் சேர்ந்து போயிருக்கிறதா?

கினுயோ துண்டோடு வந்து நின்றாள். அவர் முகத்தைப் பார்த்தாள்.

"பெரிய வால்வ் எனக்கு ஞாபகமே வரல" என்றார் அவர்.

"அதுக்கென்ன இப்ப. கையும் காலும் நல்லா இருந்தப்பவே நிச்சயதார்த்தத்துக்கு வேற வீட்டுக்குப் போய் உட்கார்ந்த ஆள்தானே நீங்க."

"அந்தத் தெருவுல எல்லா வீடும் ஒரே மாதிரி இருந்துச்சு."

"அவங்க பரிமாறினதையும் சாப்பிட்டுட்டு வந்தீங்க. தலையைத் துடைச்சுக்குங்க."

மதியத்துக்கு மேல் கிளைக்குழாயை மாட்டினார்கள். வாஷரைத் தலைகீழாக வைத்ததில் ஒரு முறை கசிந்தது. பிரித்துத் திரும்ப மாட்டினார்கள். எல்லாம் முடிந்த பிறகுதான் கழிப்பறைக்குள் பிளக் போட இடமே இல்லை என்பது உறைத்தது. மின்சாரக்காரருக்குப் போன் செய்தால் அவரும் ஓபோனுக்குப் பிறகுதான் வருவேன் என்றார். வேறு வழியில்லாமல் துணி துவைக்கும் இயந்திரத்துப் பிளக்கிலிருந்து ஒரு தடித்த கம்பியை நடை வழியாக இழுத்தார்கள். அப்படிச் செய்யக்கூடாது என்று விளக்கப் புத்தகத்திலேயே எழுதியிருந்தது. தெய்ஜிக்கு அதைப் படிக்காமலே தெரியும். கம்பி குறுக்கே கிடந்ததால் கதவும் முழுசாகச் சாத்தவில்லை.

ஆனாலும் உள்ளே போய் உட்கார்ந்தார். இருக்கை இளஞ்சூடாக இருந்தது. வெளியே கினுயோ காத்திருந்தாள். சத்தமே இல்லை.

"என்னங்க, தண்ணி வரலையா?"

"பொத்தானெல்லாம் இந்தப் பக்கம் இருக்கு."

"எந்தப் பக்கம்?"

"செத்த பக்கம்."

கழுவ, நிறுத்த, அழுத்தம் கூட்ட, குறைக்க, எல்லாமே வலது தொடையை ஒட்டி ஒரு பலகையில் வரிசையாக இருந்தன. வாங்கும்போது கினுயோ அதைக் கவனிக்கவில்லை. மாட்டும்போது இரண்டு பேருமே கவனிக்கவில்லை.

"நான் வந்து அமுத்தட்டுமா?"

"நீ உள்ள வராம இருக்கத்தானே இவ்வளவும்."

இடது கையை வயிற்றுக்குக் குறுக்கே நீட்டினார். உடம்பு சாய்ந்தது. விரல் எதிலோ பட்டு, தண்ணீர் முழு வேகத்தில் சுடச்சுட அடித்தது. நிறுத்தும் பொத்தான் எட்டவில்லை. பதறி எழுந்தார். ஆள் எழுந்ததை உணர்ந்து அது தானாக நிற்பதற்குள் கடைசி வீச்சில் கால்சட்டையெல்லாம் நனைந்துவிட்டது. கதவிடுக்கில் கினுயோவின் தோள் குலுங்குவது தெரிந்தது. சிரிக்கிறாள் என்று நினைத்து ஒரு கெட்ட வார்த்தை சொன்னார். பிறகுதான் அவள் அழுகிறாள் என்று தெரிந்தது.

"நல்லாப் பார்த்து வாங்கியிருக்கணும் நான்" என்றாள்.

"பார்த்து மாட்டியிருக்க வேண்டியது நான். விடு. முதுகு சொறியிற மூங்கில் குச்சி எங்க?"

அவள் அதைக் கொண்டுவந்து இடுக்கு வழியாக நீட்டினாள். இடது கையில் அதைப் பிடித்து, சாயாமல் உட்கார்ந்து, அதன் வளைந்த நுனியால் பொத்தான்களைத் தேடினார். இரண்டு முறை தவறிப்போனது. மூன்றாவது முறை சரியான தண்ணீர் வந்தது, நிறுத்தியபோது நின்றது. உள்ளேயே வெகுநேரம் உட்கார்ந்திருந்தார்.

முன்னோர்களைக் கும்பிடும் ஓபோன் நாட்களில் மகள் குடும்பத்தோடு வந்து, சாத்தாத கதவையும் நடையில் கிடந்த கம்பியையும் திட்டித் தீர்த்தாள். பண்டிகை முடிந்து மின்சாரக்காரர் வந்து உள்ளேயே பிளக் வைத்துவிட்டுப் போனார். அன்று தெய்ஜி கதவைச் சாத்திக்கொண்டார்.

"தாழ்ப்பாள் போடாதீங்க. விழுந்தீங்கன்னா நான் எப்படி வர்றது?" என்றாள் கினுயோ வெளியிலிருந்து.

தாழ்ப்பாள் விழும் சத்தம் கேட்டது. அவள் கதவைத் தட்டித் திட்டினாள். உள்ளேயிருந்து அவரும் பதிலுக்குத் திட்டினார்.