பம்பாய்ச் சித்தப்பா

முனியாண்டிக்குப் பம்பாயில் ஒரு சித்தப்பா உண்டு. தாதரில் வீடு, ரயில்வேயில் வேலை. ஆக்லாந்துத் தமிழர்கள் எல்லாருக்கும் அவரைப் பற்றித் தெரியும். அப்படி ஒருவர் பிறக்கவே இல்லை என்பது முனியாண்டிக்கு மட்டும் தெரியும்.

பத்தொன்பது வயதில் பம்பாய் போனவன் தங்கியது காமாட்டிபுராவில். சிவப்பு விளக்குத் தெரு. மாடிப்படிக்கு அடியில் மெஷின் போட்டு அங்கிருந்த பெண்களுக்கு ரவிக்கை தைத்தான். ஆடி பிறந்தால் தெருவே ஒரே துணியில் ரவிக்கை போடும். முதலில் மாரியம்மனுக்குப் பாவாடை தைத்துவிட்டுத்தான் மற்றவர்களுக்குக் கத்திரிக்கோல் எடுக்க வேண்டும் என்பாள் சேலத்துக்காரி சற்குணம். மஞ்சள் காமாலையில் அவன் சுருண்டு கிடந்தபோது நாற்பது நாள் கீழாநெல்லி அரைத்து மோரில் கொடுத்தவளும் அவள்தான்.

பிழைத்தான். சிங்கப்பூர் போனான். மலேசியத் தமிழ்ப்பெண் சீதாதேவியைக் கட்டினான். அவளுடைய நர்ஸ் வேலையைப் பிடித்துக்கொண்டு நியூசிலாந்தின் ஆக்லாந்துக்கு வந்தான். பென்ரோஸில் ஒரு சீருடைத் தொழிற்சாலையில் வேலை கிடைத்தது. பழசை யாராவது கேட்டால் சொல்ல ஒரு சித்தப்பா தேவைப்பட்டார்.

1986இல் ஒரு வெள்ளைக்காரி அவனைத் தேடி வந்தாள். டெலிவிஷனுக்குப் படம் எடுப்பவள். காமாட்டிபுராவில் எடுத்த டேப்பில் தமிழ்ப் பேச்சு மட்டும் புரியாமல் கிடந்தது. பம்பாயும் தமிழும் தெரிந்த ஆள் என்று யாரோ இவனைக் கைகாட்டியிருந்தார்கள்.

டேப்பில் கம்பிக்கதவுகள், அழுத முகங்கள். பிறகு சற்குணம். தலை நரைத்திருந்தது. சிரித்துக்கொண்டே பேசினாள்.

"நியூசிலாந்தா? அட, எங்க தம்பி அங்கதான இருக்கான்! போய்ச் சேந்தேன்னு ஒரு கடுதாசி போட்டான், அப்புறம் ஆளையே காணோம். பாத்தீங்கன்னா, ஒடம்பு நல்லாருக்கானான்னு கேளுங்க. அவன் தச்ச பாவாடையத்தான் இன்னமும் ஆத்தாளுக்குக் கட்டுறோம்."

முனியாண்டி பேனாவைக் கீழே வைத்தான்.

"நியூசிலாந்து என்கிறாளே, என்ன அது?" என்று கேட்டாள் வெள்ளைக்காரி.

"தன்னை அங்கே கூட்டிப்போகச் சொல்லிக் கெஞ்சுகிறாள்."

"சிரிக்கிறாளே?"

"வெட்கம்."

வெள்ளைக்காரிக்குக் கண் கலங்கிவிட்டது. அவள் தேடிப்போனதும் அதைத்தானே.

ஒளிபரப்பான அன்று, டெலிவிஷனில் கணவன் பெயர் வருகிறது என்று சீதாதேவி அக்கம்பக்கத்துத் தமிழர்களை ஏவன்டேலில் இருந்த தங்கள் வீட்டுக்கு அழைத்திருந்தாள். சற்குணம் வாய் திறந்தபோதுதான், கூடத்தில் எல்லாருக்கும் தமிழ் தெரியும் என்பது முனியாண்டிக்கு உறைத்தது. ஆனால் அவள் பேச்சை மறைத்துக்கொண்டு கேட்டது ஏதோ ஓர் ஆங்கிலக் குரல். காலில் விழாத குறையாகக் கெஞ்சியது. தப்பித்தோம் என்று நினைத்தான். நினைத்த மறுகணமே தன்னை நினைத்துக் கூசிப்போனான்.

"பாவம்லா இந்த அம்மா," என்றாள் சீதாதேவி. "என்னங்க, உங்க சித்தப்பாவுக்கு எழுதுங்களேன். அவரு போய்ப் பாத்து உதவி செய்யட்டும்."

எல்லாரும் அவனைப் பார்த்தார்கள்.

"சித்தப்பா செத்துப்போயிட்டாரு."

"எப்ப தவறினவர்? எங்களுக்கு ஒரு சொல்லுச் சொல்லேல்லையே!" என்று பக்கத்து வீட்டு யாழ்ப்பாணத்துக்காரர் ஏரம்பமூர்த்தி எழுந்து வந்து கையைப் பிடித்தார்.

அந்தக் கை பட்டதும் முனியாண்டி உடைந்துபோனான். பெண்பிள்ளை மாதிரி குலுங்கிக் குலுங்கி அழுதான். யாரோ டெலிவிஷனை அணைத்தார்கள்.

சீதாதேவி அவன் தலையைத் தன் தோளில் சாய்த்துக்கொண்டாள். "அவ்வளவு பாசமா வச்சிருந்தாராங்க?"

"ஆமா," என்றான். "நாப்பது நாளு கீழாநெல்லி அரைச்சுக் குடுத்தாரு."