அமைச்சர் காத்திருந்த சனிக்கிழமை

சனிக்கிழமை காலை எட்டு மணி ஐம்பது நிமிடம். சன்னல் வழியாக நான் முதலில் பார்த்தது இரண்டு மஞ்சள் பிளாஸ்டிக் பைகளை. கார் நிறுத்துமிடத்தின் பனிச் சேற்றில் அவை ஒன்று மாற்றி ஒன்றாக நடந்து வந்துகொண்டிருந்தன. பைகளுக்கு மேலே கறுப்பு சூட்டும், அதற்கும் மேலே நரைத்த தலையும் இருந்தன. பாலிஷ் போட்ட காலணிகள் கெட்டுவிடாமல் இருக்க, அமைச்சர் அவற்றை சூப்பர் மார்க்கெட் பைகளுக்குள் விட்டுக் கணுக்காலில் முடிச்சுப் போட்டிருந்தார்.

தொண்ணூறுகளின் நடுவில் ஒரு மார்ச் மாதம். நியூ ஜெர்சியில், ஈஸ்ட் பிரன்ஸ்விக்கில், ஓர் அடுக்ககத்தின் இரண்டாவது மாடியில் நாங்கள் குடியிருந்தோம். எனக்கு ஒன்பது வயது. திங்கள் முதல் வெள்ளி வரை அவர் என் பள்ளிப் பேருந்தின் ஓட்டுநர். அதற்கு ஏழு ஆண்டுகளுக்கு முன் மேற்கு ஆப்பிரிக்காவில் ஒரு நாட்டின் கல்வி அமைச்சர். நாட்டின் பெயரை எழுதப்போவதில்லை. அவருடைய உறவினர்கள் இன்னும் அங்கே இருக்கிறார்கள்.

மாலையில் என் நிறுத்தம்தான் கடைசி. மற்ற பிள்ளைகள் இறங்கிய பிறகு பத்து நிமிடம் நானும் அவரும் மட்டும் இருப்போம். முன் இருக்கைக்கு மாறிக்கொள்வேன். அந்தப் பத்துப் பத்து நிமிடங்களில் அவர் வாழ்க்கை எனக்குத் தவணை முறையில் கிடைத்தது. அவருடைய அப்பா ஆற்றில் படகு தள்ளியவர். இவர் பத்தொன்பது வயதில் தொடக்கப் பள்ளி ஆசிரியர். பிறகு ஆசிரியர் சங்கம், ஒரு வேலைநிறுத்தம், நாடாளுமன்றம். நாற்பத்து நான்கு வயதில் அமைச்சர். மந்திரி ஆனதும் முதலில் என்ன செய்தீர்கள் என்று கேட்டேன். பள்ளிகளுக்குத் தகரக் கூரை போட்டேன் என்றார். மழை தகரத்தில் விழும் சத்தத்தில் பாடம் நடத்த முடியவில்லை என்று பிறகு ஆசிரியர்கள் புகார் எழுதினார்களாம். அதைச் சொல்லி அவரே சிரித்தார்.

ஒருநாள் விடியற்காலையில், ஆட்சியைப் பிடித்த ராணுவத்தினர் வானொலியில் சில பெயர்களை வாசித்தார்கள். அந்தப் பெயர்களுக்குரியவர்கள் அருகிலுள்ள காவல் நிலையத்துக்கு வர வேண்டும் என்றார்கள். இவர் சவரம் செய்து, டை கட்டிக்கொண்டு, தானே நடந்து போனார். பத்தொன்பது மாதம் சிறை. வெளியே வந்ததும் எல்லையைத் தாண்டினார். மனைவியும் மூன்று மகள்களும் அங்கேயே தங்கிவிட்டார்கள். கடைசி மகளுக்கு என் வயது.

அப்பா இதில் எதையும் நம்பவில்லை.

“நம்ம ஊர்ல ஒரு கவுன்சிலர்கூட தன் கார் கதவைத் தானே திறக்க மாட்டான். இவர் நம்ம புள்ளைக்கு பஸ் கதவைத் திறந்து விடறார். மினிஸ்டராம்!”

“உங்களுக்கு எதுதான் நம்பற மாதிரி இருந்துருக்கு? என்னைப் பொண்ணு பார்க்க வந்தப்பவே எங்கப்பா என் பி.எஸ்சி. சர்டிபிகேட்டைக் கொண்டாந்து காட்டுனாருல்ல” என்றாள் அம்மா.

அந்தக் குளிர்காலத்தில் இந்திய மளிகைக் கடை வாசலில் அவரைப் பார்த்துப் பேசிக்கொண்டிருந்தோம். சாலையில் போன ஒரு டாக்சி திடீரென்று உள்ளே திரும்பி நின்றது. அவர் நாட்டுக்காரர் ஒருவர் இறங்கி ஓடிவந்தார். குல்லாயைக் கழற்றி, இரண்டு கைகளாலும் அவர் கையைப் பிடித்து, குனிந்து நின்றார். டாக்சியின் கதவு திறந்தே கிடந்தது. அன்றிலிருந்து அப்பாவும் அவரை மினிஸ்டர் என்றே சொன்னார். சிரிக்காமல் சொன்னார்.

அந்த மார்ச் மாதத்துக்குள் அவர் நாட்டில் தேர்தல் முடிந்து, அவருடைய பழைய கட்சி ஆட்சிக்கு வந்திருந்தது. அமைச்சரவை அமைந்துகொண்டிருந்தது. சனிக்கிழமை பத்திலிருந்து பன்னிரண்டுக்குள் தொலைபேசியில் கேட்பார்கள், சம்மதம் என்று சொன்னால் மாலையில் பட்டியலில் பெயர் வரும் என்று அவருக்குச் செய்தி வந்தது. அவர் தங்கியிருந்த வீட்டில் ஐந்து பேருக்கு ஒரு தொலைபேசி. அந்த ஐவரில் இருவர் எதிர்க்கட்சி. அதனால் எங்கள் எண்ணைக் கொடுக்கலாமா என்று அம்மாவிடம் கேட்டார். அம்மா உடனே சரி என்றாள். அன்று இரவு, “அவர் சம்சாரம், புள்ளைங்க எல்லாம் அங்க காத்துட்டிருக்குதுங்க” என்று அப்பாவிடம் இரண்டு முறை சொன்னாள்.

எங்கள் வீட்டிலும் அன்று ஒரு தொலைபேசி அழைப்பு வர வேண்டியிருந்தது. ஹூஸ்டனில் வேலை பார்த்த மாமா கரூருக்குப் போய்த் திரும்பி வந்துகொண்டிருந்தார். கிரீன் கார்டு விண்ணப்பம் பாதியில் நின்றதால் அம்மா ஐந்து வருடமாக ஊருக்குப் போகவில்லை. தாத்தாவைப் பார்த்துவிட்டு வரும் ஆள் மாமா மட்டும்தான். அந்த நாட்களில் வெளி மாநிலத்துக்குப் பேசினால் நிமிடத்துக்கு இவ்வளவு என்று கட்டணம். எடுத்தால்தான் காசு. எடுக்காவிட்டால் இல்லை. ஆகவே எங்கள் உறவுக்காரர்கள் எல்லோரும் ஓர் ஏற்பாடு வைத்திருந்தார்கள். வீடு போய்ச் சேர்ந்ததும் கூப்பிட வேண்டும். இரண்டு முறை மணி அடிக்கவிட்டு வைத்துவிட வேண்டும். பத்திரமாகச் சேர்ந்தாயிற்று என்று அர்த்தம்.

“ரெண்டு ரிங் அடிச்சு நின்னா மாமா. எடுத்துடாத கண்ணு” என்று காலையிலேயே அம்மா சொல்லியிருந்தாள்.

அமைச்சர் பைகளை அவிழ்த்து வாசலில் வைத்துவிட்டு உள்ளே வந்தார். சோபாவின் நுனியில் தொலைபேசியைப் பார்த்து உட்கார்ந்தார். அம்மா கொடுத்த காப்பியைக் குடித்தார். கோப்பையைக் கீழே வைக்கும்போதெல்லாம் சத்தம் வராமல் வைத்தார். அப்பா சனிக்கிழமையும் மருந்து கம்பெனிக்குப் போய்விட்டிருந்தார்.

பத்து மணி நாற்பதுக்கு அம்மா துணியை எடுத்துவரக் கீழே கிளம்பினாள். அடித்தளத்தில் எல்லா வீட்டுக்கும் பொதுவான சலவை இயந்திரங்கள் இருந்தன. உலர்ந்த துணியை உடனே எடுக்காவிட்டால் அடுத்த ஆள் வாரி மேசைமேல் போட்டுவிடுவார். இரண்டு கூடைகள். ஒரு பெண் அவற்றை மேலே வரை தூக்கி வருவதை உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருக்க அமைச்சரால் முடியவில்லை. அம்மா வேண்டாம் என்றாள். அவர் எழுந்துவிட்டார்.

போகும்போது என்னிடம் குனிந்து சொன்னார். மணி அடித்தால் எடு, ஒரு நிமிடம் இருங்கள் என்று சொல், மாடிப்படியில் நின்று என்னைக் கூப்பிடு. எங்கள் ஊர் லைன் மோசம், சீக்கிரம் அறுந்துவிடும். நான் தலையாட்டினேன்.

தொலைபேசி அருகில் போய் நின்றேன். ரிசீவர் மேல் கை வைத்துக்கொண்டேன். மணி அடித்தது. ஒன்று. அம்மா சொன்னதும் நினைவிருந்தது, அவர் சொன்னதும் நினைவிருந்தது. இரண்டுக்கும் பொருந்தும்படி ஒரு வழி கண்டுபிடித்திருந்தேன்: மூன்றாவது மணி அடித்தால் அமைச்சருக்கு. இரண்டு. காத்திருந்தேன். மூன்றாவது அடிக்கவில்லை.

படியேறி அவர்கள் வந்ததும் நான் தமிழில் கத்தினேன். “அம்மா, மாமா வந்து சேர்ந்துட்டாங்க! ரெண்டு ரிங்!”

அம்மா சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தாள். பத்து ஐம்பத்தைந்து. மாமாவின் விமானம் எங்கள் நேரப்படி பன்னிரண்டு மணிக்குத்தான் ஹூஸ்டனில் இறங்கும் என்பது அவளுக்குத் தெரியும். எனக்குத் தெரியாது.

அமைச்சர் கூடையை இறக்கிவிட்டு, குழந்தை என்ன சொல்கிறாள் என்று கேட்டார். அம்மா எங்கள் ஏற்பாட்டை ஆங்கிலத்தில் விளக்கினாள். தன் தம்பி பத்திரமாக வந்துவிட்டான், அதற்கான மணிதான் அடித்தது என்றாள். குரல் ஒரே சீராக இருந்தது. எத்தனை முறை அடித்தது என்று அவர் என்னைக் கேட்டார். இரண்டு என்றேன். உங்கள் தம்பி வந்துவிட்டதற்குக் கடவுளுக்கு நன்றி என்று அம்மாவிடம் சொல்லிவிட்டு மறுபடியும் சோபாவின் நுனியில் உட்கார்ந்தார்.

பன்னிரண்டு மணி கடந்தது. அம்மா சாம்பார் சாதம் வைத்தாள். அவர் பாதி சாப்பிட்டார். ஒன்று இருபதுக்குத் தொலைபேசி அடித்தது. அம்மா சமையலறையிலிருந்து ஓடிவந்து, முதல் மணி முடிவதற்குள் எடுத்தாள். அவரும் எழுந்து நின்றுவிட்டார். ரிசீவரிலிருந்து மாமா கத்தியது எனக்கே கேட்டது.

“ஏங்க்கா எடுத்தே? ரெண்டு ரிங்தானே! காசு போகுதுக்கா! அப்பா நல்லா இருக்காரு. நான் ஹூஸ்டன் வந்துட்டேன். வைக்கிறேன்.”

அம்மா ரிசீவரை வைக்காமல் நின்றாள். தனக்கா என்று அமைச்சர் கேட்டார். அம்மா இல்லையென்று தலையாட்டினாள். தம்பி என்றாள். ஹூஸ்டன் என்றாள்.

அவர் கொஞ்ச நேரம் யோசித்தார். அப்புறம் புன்னகை செய்து, “அப்படியானால் உங்கள் தம்பி இன்று இரண்டு முறை வந்து சேர்ந்திருக்கிறார்” என்றார்.

எனக்குச் சிரிப்பு தாங்கவில்லை. ஒரே ஆள் இரண்டு முறை எப்படி வந்து சேர முடியும்? சோபாவில் விழுந்து சிரித்தேன். அவரும் என்னோடு கொஞ்சம் சிரித்தார். அம்மா மட்டும் சிரிக்கவில்லை. ரிசீவரை அவரிடம் நீட்டினாள்.

“கூப்பிடுங்க மினிஸ்டர் சார். ப்ளீஸ். எத்தனை தடவை வேணும்னாலும்” என்றாள். பதற்றத்தில் பாதியைத் தமிழில் சொன்னாள்.

அவர் சட்டைப் பையிலிருந்து ஒரு சிறிய குறிப்பேட்டை எடுத்துப் பார்த்து எண்களை அழுத்தினார். எல்லா இணைப்புகளும் பயன்பாட்டில் உள்ளன என்று பதிவுசெய்த பெண் குரல் சொன்னது. மறுபடி அழுத்தினார். மூன்று மணி வரை அழுத்தினார். நான் பக்கத்தில் உட்கார்ந்து எண்ணிக்கொண்டிருந்தேன். நாற்பத்தொன்று வரை எண்ணினேன். பிறகு அவர் அம்மாவுக்கு நன்றி சொன்னார். சாப்பாடு நன்றாக இருந்தது என்றார். என் கையைப் பிடித்துக் குலுக்கி, சொன்னதைச் செய்கிற பெண் நீ, அது நல்ல பழக்கம் என்றார். எனக்குப் பெருமையாக இருந்தது.

மாலை ஆறு மணிக்கு அப்பா வந்ததும் அந்த வேடிக்கையைச் சொன்னேன். மாமா இரண்டு முறை வந்து சேர்ந்தார் என்றேன். அப்பா அம்மாவைப் பார்த்தார். அம்மா துணி மடித்துக்கொண்டிருந்தாள். நிமிரவில்லை. அப்பாவுக்குப் புரியவில்லை போலிருக்கிறது என்று நினைத்து முதலிலிருந்து மறுபடியும் சொன்னேன். பள்ளியிலும் அதைப் பல நாள் சொன்னேன்.

அன்று மாலை அந்த நாட்டு வானொலியில் பட்டியல் வாசிக்கப்பட்டது. கல்வித் துறை வேறொருவருக்குப் போயிற்று. அமைச்சர் இன்னும் ஐந்து ஆண்டுகள் எங்கள் வழித்தடத்தில் பேருந்து ஓட்டினார்.