மாஹிருக்கு ஒரு பக்கம்

கரீமா அக்காவை எழுத்தாளர் என்று சொன்னால் எங்கள் அலோன் பேட்டையில் யாரும் நம்பமாட்டார்கள். பசை வாளியும் ஊசியுமாக அச்சகத்தில் புத்தகம் தைக்கிற பெண் நாவல் எழுதுவாரா? எழுதினார். பக்கத்து மேசையில் தைத்தவன் நான், எனக்குத் தெரியும்.

அக்காவின் வாப்பா தமிழர், அம்மா பர்மாக்காரர். ஷார்ஜாவுக்கு வீட்டுவேலைக்குப் போன அக்காவை ஓர் அரபி நிக்காஹ் செய்து, ஆறே வருஷத்தில் தலாக்கும் சொல்லிவிட்டான். விசா முடிந்தது. பிள்ளை தகப்பனுக்கு என்றார்கள். நான்கு வயது மாஹிரை விட்டுவிட்டு பர்மாவுக்கே திரும்பி, மிங்கலாடோன் விமான நிலையத்தில் தனியாக வந்து இறங்கினார்.

"அங்க நான் வேலைக்காரி, இங்க கபியா, கலப்பு ரத்தம். எம்புள்ளைய அங்க என்னன்னு கூப்பிடுறாங்களோ, செல்வம்" என்று என்னிடம் சொல்வார்.

அதைத்தான் நாவலாக எழுதினார், பர்மிய மொழியில். அவருக்குச் சரளமாக எழுத வந்தது அது ஒன்றுதான். அந்த மொழி மாஹிருக்குத் தெரியாதே என்று கேட்டுவைத்தேன். எனக்கு வாய் கொஞ்சம் நீளம்.

அதற்காகவே முதல் தாளை அரபி எழுத்தில் போட்டார். சின்ன வயதில் குர்ஆன் ஓதும் பள்ளியில் படித்த எழுத்து. 'மாஹிருக்கு, உன் உம்மா கரீமா.' அவ்வளவுதான். ஒரு பிரதியை ஷார்ஜாவில் சேர்க்கக் கப்பலில் வேலை செய்கிற ஒருவர் ஒப்புக்கொண்டிருந்தார்.

"அந்த ஒரு பக்கம் போதும் தம்பி. உம்மா மறக்கலன்னு தெரிஞ்சுக்குவான்."

1999இல் ஐந்நூறு பிரதிகள் அச்சாயின. அப்போதெல்லாம் அச்சான பிறகும் அரசாங்கத் தணிக்கைக்காரர்களிடம் காட்டி அனுமதி வாங்க வேண்டும். கதையில் ஒரு வரியைக்கூட அவர்கள் தொடவில்லை. புரியாத எழுத்தில் இருந்த முதல் தாளை மட்டும் எல்லாப் பிரதியிலும் கிழிக்கச் சொன்னார்கள். ஒன்றில் இருந்தாலும் அச்சகத்துக்குப் பூட்டு.

அப்படிக் கிழிப்பதும் பைண்டிங் ஆட்களான எங்கள் வேலைதான். இரும்பு அளவுகோலை மடிப்பில் அழுத்தி ஒரே இழுப்பு. எத்தனையோ பேருடைய புத்தகப் பக்கங்களை அக்காவும் நானும் ஊர்க்கதை பேசிக்கொண்டே கிழித்திருக்கிறோம். நினைத்தால் வெட்கமாக இருக்கிறது.

முதலாளி பழனியப்பன் அன்று அக்காவை வீட்டுக்குப் போகச் சொன்னார். அவர் போகவில்லை.

"ஒண்ண மட்டும் ஒளிச்சு வச்சிரலாம்க்கா" என்றேன்.

"பதினோரு குடும்பம் சாப்புடுற எடம்" என்றார்.

"அப்ப நான் கிழிக்கிறேன். நீங்க வெளிய போய் உக்காருங்க."

அளவுகோலை என் கையிலிருந்து வாங்கிக்கொண்டார்.

"எம்புள்ள பேரு. வேற யாரும் கிழிக்க வேணாம்."

ஐந்நூறையும் அவரே கிழித்தார்.