ஒருநாள் மட்டும் நடித்தவள்

பெங்களூர் ஸ்ரீராம்புரத்து நாலு சந்துகளை மூன்று வருஷமாகக் கூட்டிவந்தவள் சந்திரம்மா. ஆனால் கார்ப்பரேஷன் ஹாஜரியில் அவள் பெயர் கிடையாது. அதில் இருப்பது அவள் புருஷன் வெங்கடசாமியின் பெயர். சாக்கடை மூடி பிளந்து உள்ளே விழுந்ததில் அவருக்கு வலது முட்டி போய்விட்டது. அன்றிலிருந்து காலை ஆறு மணிக்கு நொண்டிக்கொண்டே போய் ஹாஜரி மிஷினில் விரல் வைத்துவிட்டு வருவார், அவ்வளவுதான். அவருடைய பச்சைக் கோட்டையும் தொப்பியையும் மாட்டிக்கொண்டு, முகத்தைத் துணியால் கட்டிக்கொண்டு சந்திரம்மா துடைப்பத்தை எடுப்பாள். ஒன்பது மணி வரை அவர் டீக்கடை பெஞ்சில் உட்கார்ந்திருப்பார்.

இதில் ரகசியம் ஒன்றும் இல்லை. புருஷன் படுத்துவிட்டால் பெண்டாட்டி கூட்டுவதும், மருமகளுக்குப் பிரசவம் என்றால் மாமியார் கூட்டுவதும் அந்த ஜனங்களுக்குள் உள்ள வழக்கம். வேலையை மேற்பார்க்கும் மேஸ்திரிக்கும் தெரியும். தெரு சுத்தமாக இருந்தால் சரி என்று அந்த மனுஷன் கண்டும் காணாமல் போய்க்கொண்டிருந்தார்.

இந்த வருஷம்தான் எல்லாரும் கொஞ்சம் பயந்து நடக்க ஆரம்பித்தார்கள். இருபத்திரண்டு வருஷம் கான்ட்ராக்டில் ஓட்டிய வெங்கடசாமியின் பெயர் பர்மனென்ட் லிஸ்டில் வந்திருந்தது. ஆர்டர் கைக்கு வர ஒரு மாதம் ஆகும். அதற்குள் புகார் கிகார் என்று ஏதாவது போனால் பெயரை அடித்துவிடுவார்கள். சந்திரம்மா தினமும் கூட்டி முடித்ததும் பிள்ளையார் கோயில் வாசலில் நின்று, இந்த ஒரு மாசத்தை நல்லபடியாகக் கழித்துக்கொடு என்று கேட்டுக்கொள்வாள்.

அவர்களுக்கு விக்கி என்று ஒரே மகன், வயது இருபத்து நாலு. வைட்ஃபீல்டில் ஒரு கம்பெனியில் போன் எடுத்துப் பேசுகிற வேலையில் இருந்தான். எட்டாம் மாதமே அதை விட்டுவிட்டு, வீடியோ எடுக்கப் போகிறேன் என்று வீட்டில் உட்கார்ந்துவிட்டான். அப்பனுக்கும் மகனுக்கும் நேர்ப் பேச்சு நின்றுபோனது அப்போதுதான். சண்டை எல்லாம் சினிமா வழியாகத்தான் நடக்கும்.

டிவியில் பழைய படம் ஓடினால் வெங்கடசாமி நிமிர்ந்து உட்காருவார். அதில் ஊர் சுற்றும் மகனை அப்பா பளாரென்று அறைவார். மகனும் ஒரே பாட்டில் மூட்டை தூக்கி, வண்டி இழுத்து, முதல் சம்பளத்தைக் கொண்டுவந்து அப்பா காலடியில் வைப்பான். “அவன் ஆம்பள” என்று டிவியைப் பார்த்தே சொல்வார் வெங்கடசாமி. விக்கி போனில் பார்க்கும் படங்கள் வேறு ரகம். அவற்றில் மகன் கழுத்தில் தொங்கும் கம்பெனி கார்டைக் கழற்றி மேஜைமேல் எறிந்துவிட்டு, பைக்கில் ஏதாவது மலைக்குப் போவான். கடைசியில் அப்பாதான் அழுதுகொண்டே வந்து, உனக்குப் பிடித்ததைச் செய்யடா என்பார். அந்த இடம் வரும்போது விக்கி சத்தத்தைக் கூட்டி வைப்பான்.

சந்திரம்மாவுக்கு இரண்டு ரகமும் ஒன்றுதான். இரண்டிலும் அம்மாக்காரி டம்ளரோடு கதவோரம் நிற்பாள். நீ என்னம்மா வேலை செய்கிறாய் என்று அவளை ஒருத்தரும் கேட்க மாட்டார்கள்.

அப்போது ஏதோ ஒரு கம்பெனி, இரண்டு தலைமுறையும் வேலையும் என்று குறும்படப் போட்டி வைத்தது. ஜெயித்தால் வீடியோ பிரிவில் வேலை தருவார்களாம். அப்பா கூட்டுவதை வைத்து, வேலைக்குப் போகாதே என்று படம் எடுத்து, அதைக் காட்டி வேலை வாங்கப் போகிறான் பையன்! இந்தக் கூத்தை யாரிடம் போய்ச் சொல்வது? சந்திரம்மா மட்டும் மகனுக்கு ஒரு வழி பிறக்கட்டும் என்று பேசாமல் இருந்தாள்.

“அம்மா, அப்பாவால குனிய முடியாது. அவரு மூஞ்சிய ஊட்டுக்குள்ள எடுத்துக்கறேன். தெருவுல கூட்ற முதுவு மட்டும் நீ குடு” என்றான் விக்கி.

“நான் தெனம் கூட்றதுதானேடா. இதுல இன்னா ஆக்டு கீது?”

“ஒண்ணும் ஆக்ட் பண்ணாத. எப்பவும் போல கூட்டு. நீதான் அப்பான்னு நெனச்சிக்கினு கூட்டு.”

அவளுக்குச் சிரிப்பு வந்தது. “என்ன காட்டவே மாட்டியா?” என்று கேட்டாள்.

“காட்டுறேம்மா. நீ அப்பாக்கு காப்பி குடுக்கற ஷாட் ஒண்ணு கீது.”

அந்த ஒரு ஷாட்டுக்காக அவள் பீரோவில் இருந்த மாம்பழக் கலர் புடவையை எடுத்துக் கட்டிக்கொண்டாள். தெருவில் எடுக்கும்போது விக்கி போனை ஒரு கல்மேல் சாய்த்து, தரையோடு தரையாக வைத்தான். கீழேயிருந்து பார்த்தால் துடைப்பமும் தூசும் பெரிதாகத் தெரியுமாம். அதில் அவனுக்கு ஒரே பெருமை.

படம் ஆறு நிமிஷம். வீட்டில் மூன்று பேருமாகப் பார்த்தார்கள். ‘என் அப்பா தன் வேலையை ஒருநாளும் கேள்வி கேட்டதில்லை. நான் கேட்கிறேன்’ என்று விக்கியின் குரல் வந்தது. படத்தில் வெங்கடசாமி கட்டிலில் உட்கார்ந்து கண்ணைத் துடைத்துக்கொண்டார். காப்பி கொடுக்கும் ஷாட்டில் புடவை முந்தானையும் ஒரு கையும் மட்டும் வந்துபோயின. சந்திரம்மாவுக்கு முகம் சுருங்கிவிட்டது.

“நான் எப்படா அழுதேன்? நீ கண்ண தொடைக்கச் சொன்ன, தொடச்சேன்” என்றார் வெங்கடசாமி. “இருவத்திரெண்டு வருசம் கூட்னேன். ஒரு நாளு அழுவல.”

ரொம்ப நாள் கழித்து மகனிடம் அவர் நேராகப் பேசியது அதுதான். விக்கி போனை மடியில் கவிழ்த்து வைத்தான்.

படத்துக்கு இரண்டாம் பரிசு கிடைத்தது. வேலை முதல் பரிசுக்காரனுக்குப் போய்விட்டது. படம் மட்டும் போனுக்குப் போன் தாவியது. பார்த்தவர்கள் எல்லாம் ‘கிரேட் அப்பா’ என்று எழுதினார்கள். எவனோ ஒரு புண்ணியவான்தான் படத்தை நிறுத்தி நிறுத்திப் பார்த்திருக்கிறான். ‘அப்பா காலில் மெட்டி எதுக்கு ப்ரோ?’ என்று அவன் கீழே எழுதினான். நானூறு பேர் அதற்குச் சிரித்து வைத்தார்கள்.

கோட்டு, தொப்பி, முகத்துணி எல்லாம் சரியாகத்தான் இருந்தன. கால்விரலை யார் நினைத்தார்கள்? தரையில் வைத்த போன் அதைத்தான் முதலில் பிடித்திருந்தது.

வியாழக்கிழமை பதினொரு மணிக்கு மேஸ்திரி வியர்த்து வழிய வந்து நின்றார். “இன்ஸ்பெக்டர் சார் கூப்புடறார். மூணு பேரும் வாங்க. என் பேர மட்டும் உள்ள இழுத்துறாதீங்க.”

ஹெல்த் இன்ஸ்பெக்டர் உமேஷ் கெட்டவர் இல்லை. மேஜைமேல் போனை வைத்து, படத்தை அந்த இடத்தில் நிறுத்தி அவர்கள் பக்கம் திருப்பி, கன்னடமும் தமிழுமாகக் கேட்டார். “யாரம்மா இது? நீங்கதானே? எஷ்டு தினா ஆயித்து? எத்தினி நாளா நடக்குது?”

மேஸ்திரி ஜன்னலைப் பார்த்தார். சந்திரம்மா வாய் திறக்கப் போனபோது விக்கி முந்திக்கொண்டான். “சார், அது ஆக்டிங் சார். சினிமாதானே. அன்னிக்கி அப்பாக்கு ஒடம்பு சரியில்ல, அம்மாவ ஒரு நாள் மட்டும் நடிக்க வச்சேன்.”

உமேஷ் போனைத் தன் பக்கம் திருப்பி ஒரு தடவை பார்த்துவிட்டு மெதுவாகத் தலையாட்டினார். “சினிமா. சரி. ஹாங்கந்தா பரெதுகொடி. அப்படின்னே எழுதிக் குடுங்க, ஃபைல்ல வெச்சிடறேன்.”

விக்கியே கன்னடத்தில் எழுதி, அம்மாவுக்குத் தமிழில் படித்துக் காட்டினான். வெங்கடசாமியின் மனைவியாகிய நான் இந்தத் துப்புரவு வேலையை எந்த நாளும் செய்ததில்லை. என் மகன் எடுத்த படத்துக்காக ஒரே ஒரு நாள் நடித்தேன்.

போன மழையில் காய்ச்சலோடு கூட்டியதும், குப்பையில் கிடந்த ஊசி குத்திப் பழுத்த விரலோடு கூட்டியதும், மாமியார் செத்த மறுநாளே கோட்டை மாட்டியதும் சந்திரம்மாவுக்கு ஒவ்வொன்றாக நினைவுக்கு வந்தன. “மூணு வருசம்டா” என்றாள், மகனுக்கு மட்டும் கேட்கும்படி. விக்கி தலையைக் குனிந்துகொண்டு பேனாவை நீட்டினான். வெங்கடசாமி முட்டியைப் பிடித்துக்கொண்டு தரையையே பார்த்துக்கொண்டிருந்தார். அந்த ஆர்டர் வராவிட்டால் இந்த மனுஷன் இருபத்திரண்டு வருஷம் கூட்டியதற்கு ஒன்றுமே மிஞ்சாது என்று அவளுக்குத் தெரியும். காய்ப்புக் காய்த்த கையை மேஜைக்கு அடியில் புடவையில் துடைத்துவிட்டு, பேனாவை வாங்கிக் கையெழுத்துப் போட்டாள்.

உமேஷ் காகிதத்தை மடித்தார். ஆறுதலாக ஏதாவது சொல்ல நினைத்தார் போலிருக்கிறது. “சென்னாகி மாடிதீரம்மா. நல்லா நடிச்சிருக்கீங்க. நெஜமாவே கூட்டுற மாதிரிதான் இருக்குது.”

அவர்கள் எழுந்துபோகும்போது அவர் குரல் மாறியது. “நாளைலேர்ந்து இவரே கூட்டணும். உங்க கையில தொடப்பத்தப் பார்த்தா, ஆமேல, அப்புறம் நான் ஒண்ணும் பண்ண முடியாது.”

தெருவுக்கு வந்ததும், “தப்பிச்சோம்மா” என்றான் விக்கி. அவள் அவனைத் திரும்பிப் பார்க்கவில்லை.

மறுநாள் காலையில் கோட்டை வெங்கடசாமி மாட்டிக்கொண்டார். மூன்று வருஷத்தில் அது அவள் உடம்புக்கு ஏற்றபடி தோளில் பிடித்துத் தைக்கப்பட்டிருந்தது. அவருக்குக் கை முழுதாக ஏறவில்லை. பொத்தான் போடாமலே போனார்.

சந்திரம்மா அடுப்படியில் நின்றபடி காது கொடுத்துக் கேட்டுக்கொண்டிருந்தாள். துடைப்பச் சத்தம் இரண்டு இழுப்பு வந்தது, நின்றது, மறுபடி ஒரு இழுப்பு வந்தது. அவள் கூட்டியிருந்தால் இந்நேரம் இரண்டாவது சந்துக்குப் போயிருப்பாள். பிறகு சத்தமே இல்லை. டம்ளரில் தண்ணீரை எடுத்துக்கொண்டு வாசலுக்கு ஓடிவந்தாள். மூன்றாவது வீட்டு முன்னால் வெங்கடசாமி தரையில் உட்கார்ந்திருந்தார். ஒரு கால் நீட்டியபடி இருந்தது. துடைப்பம் தள்ளிக் கிடந்தது. இந்தத் தடவை அவர் நிஜமாகவே கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

அவள் இரண்டு படி இறங்கிவிட்டாள். தெருமுனையில் நின்றிருந்த மேஸ்திரி, வேண்டாம் என்று கையை ஆட்டினார். எதிர்வீட்டு மாடியில் யாரோ போனைத் தூக்கிப் பிடித்திருந்தார்கள்.

சந்திரம்மா இறங்கிய இரண்டு படியையும் ஏறி, டம்ளரோடு கதவோரம் வந்து நின்றாள்.